கடல் இறங்கிப் போகும் ஊர்

எங்கள் மாமா ஒரு புளுகர் என்பது குடும்பத்தில் எப்போதோ தீர்ப்பாகிவிட்ட வழக்கு. நீதிபதி பெரியப்பா. மேன்முறையீட்டுக்கு இடமில்லை. மாமாவின் பக்கம் நின்று வாதாடிய ஒரே ஆள் நான். எனக்கு அப்போது பத்து வயது என்பதால் என் வாதத்தை யாரும் கணக்கில் எடுக்கவில்லை.

மாமா அம்மாவின் தம்பி. மொன்றியலுக்கு வந்து எங்களோடு புவாண்ட்-கிளேரில் தங்குவதற்கு முன், வேல்ஸ் நாட்டின் மேற்குக் கரையில் ஒரு சின்னக் கடலோர ஊரில் சில வருடங்கள் இருந்தவர். லண்டனில் அகதி வழக்கு வென்ற கையோடு, அங்கே வேலை இருக்கிறது என்று யாரோ சொன்னதை நம்பி ரயில் ஏறிப் போயிருக்கிறார். கடற்கரைச் சுவரை ஒட்டி மீன் பொரிக்கும் கடை ஒன்று. அதில் உருளைக்கிழங்கு வெட்டிப் பொரிப்பதுதான் வேலை. அந்த ஊரின் பெயரை எங்கள் வீட்டில் மாமா ஒருவரால்தான் சொல்ல முடியும். நாங்கள் முயன்றால் தொண்டையில் மீன்முள் சிக்கியதுபோல இருக்கும்.

ஒரே ஒரு தெரு. கறுப்புக் கல் வேய்ந்த கூரைகள். கோடையில் காரின் பின்னால் எங்கிருந்தோ இழுத்துவரப்படும் வண்டி வீடுகள், குளிர்காலத்தில் பக்கவாட்டாகப் பெய்யும் மழை. எல்லோருக்கும் ஆங்கிலம் தெரிந்தாலும் தங்களுக்குள் தங்கள் மொழியில்தான் பேசிக்கொள்வார்களாம், பிரெஞ்சை விடாத எங்கள் கியூபெக்காரரைப் போல. இதுவரைக்கும் பெரியப்பா பொறுமையாகக் கேட்பார். அடுத்ததாகக் கடல் வரும்போதுதான் சண்டை தொடங்கும். அந்த ஊர்க் கடல் ஒரு நாளைக்கு இரண்டு தரம் எழும்பி வெளியே போய்விடும் என்பார் மாமா. கண்ணுக்கெட்டிய தூரம் வெறும் மணல் கிடக்கும், பிறகு ஓடிவந்து சுவரில் மோதும் என்பார்.

"கடல் எங்கை போறது? கோயிலுக்கோ?" என்று பெரியப்பா கேட்பார். எல்லோரும் சிரிப்பார்கள்.

யாழ்ப்பாணத்துக் கடல் அப்படியெல்லாம் செய்வதில்லை. வற்றும் பெருக்கும் உண்டுதான், ஆனால் அது ஒரு சாண் விஷயம். ஆகையால் பெரியப்பாவின் பக்கம் நியாயம் இருப்பதாகவே எல்லோரும் நினைத்தார்கள். பெரியப்பா இல்-பிசாரில் பெரிய வீடு வாங்கியிருந்தார். அந்த வீட்டைப் பற்றி, அதன் இரட்டைக் கராஜைப் பற்றி, பின்வளவு மேப்பிள் மரத்தின் வயதைப் பற்றி அவர் ஒரு மணித்தியாலம் பேசுவார். அது புளுகில் சேராது. அது தகவல்.

மாமாவோ இதையெல்லாம் காதில் போட்டுக்கொள்ளாமல் வருடாவருடம் அந்த ஊரிலிருந்து வரும் கடல்நேர அட்டவணையை எங்கள் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டிவைப்பார். கடலே இல்லாத மொன்றியலில், காலைத் தேநீரோடு அதைப் பார்த்து, "இப்ப அங்கை வத்து" என்று யாரிடமும் இல்லாமல் சொல்லுவார். ஏரிக்கரைக்குப் போனால் காரைத் தண்ணீரிலிருந்து நெடுந்தூரம் தள்ளித்தான் நிறுத்துவார்.

மாமாவின் கதைகளில் எனக்குப் பிடித்தது மீட்புப் படகு. கடலில் யாராவது அகப்பட்டுக்கொண்டால் ஊரில் சிலரின் இடுப்பில் ஒரு சின்னப் பெட்டி கீச்சிடும். உடனே இறைச்சிக் கடைக்காரர் கத்தியைப் போட்டுவிட்டு ஓடுவார். ஆசிரியர் கரும்பலகையில் பாதிக் கணக்கை விட்டுவிட்டு ஓடுவார். முடிவெட்டுபவரும் ஓடுவார். பாதித் தலையோடு ஒருவர் நாற்காலியில் காத்திருப்பார், கோபிக்கமாட்டார். மணலின் மேல் படகை உழவு இயந்திரம் இழுத்துக்கொண்டுபோய்க் கடலில் இறக்கும். எவருக்கும் சம்பளம் கிடையாது. கடைகள் திறந்தபடி கிடக்கும், எவரும் எதையும் தொடுவதில்லை.

அதிலும் ஒரு மடையனின் கதை இருந்தது. ஊருக்குப் புதிதாக வந்த ஒருவன், கடல் இறங்கியிருந்த நேரத்தில் மணலில் நடந்து நடந்து வெகுதூரம் போய்விட்டான். கடல் திரும்பி வந்ததை அவன் காணவில்லை. அன்று தேவாலயத்தில் ஒரு கல்யாணம். மாப்பிள்ளையும் படகுக்காரர்களில் ஒருவர். பெட்டி கீச்சிட, மணப்பெண்ணை வாசலில் நிறுத்திவிட்டுக் கல்யாண உடுப்போடு ஓடினார். மடையன் கழுத்தளவு தண்ணீரில் நின்றபோது படகு போய்ச் சேர்ந்தது. இதைச் சொல்லும்போது மாமாவின் குரல் ஒவ்வொரு முறையும் தழுதழுக்கும். அந்தப் படகின் முன்பக்கத்தில் கயிறோடு நிற்பது மாமா என்பதில் எனக்குச் சந்தேகமே இருக்கவில்லை. குடும்பத்தில் மற்றவர்களும் அவர் அப்படித்தான் அளக்கிறார் என்று எடுத்துக்கொண்டார்கள். அவர்கள் நம்பவில்லை, நான் நம்பினேன், அவ்வளவுதான் வித்தியாசம்.

பள்ளிக்கூடத்தில் நான் இதைப் பிரெஞ்சில் முழு வகுப்புக்கும் சொல்லிக் கைதட்டல் வாங்கினேன். செம்மஞ்சள் நிறப் படகு ஒன்றும், அதில் மீசை வைத்த மண்ணிற மனிதர் ஒருவரும் வரைந்து அட்டவணைக்குப் பக்கத்தில் ஒட்டிவைத்தேன். மாமா அதை நெடுநேரம் பார்த்துக்கொண்டு நின்றார். நல்லாயிருக்கு என்று மட்டும் சொன்னார்.

இந்தப் புளுகர் பட்டம் மாமாவின் கல்யாணத்தில் வந்து குறுக்கே நின்றது. இரண்டு சம்பந்தங்கள் கைகூடி வந்து நழுவிவிட்டன. விசாரித்துப் பார்ப்பவர்கள் எப்படியோ பெரியப்பாவிடம் போய்ச் சேர்வார்கள். அவரும் மனச்சாட்சிக்கு விரோதமில்லாமல், பொடியன் தங்கம், வாய்தான் கொஞ்சம் நீளம் என்று சொல்லி அனுப்பிவைப்பார். மூன்றாவதாக லசாலில் இருந்து ஒரு குடும்பம் வந்தது. பெண்ணின் தகப்பனார் யாழ்ப்பாணத் தீவுப் பக்கத்தவர், இங்கே ஒரு ஹோட்டல் சமையலறையில் நெடுங்காலம் வேலை செய்தவர். பெண்ணுக்குச் சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் மண்ணைப் பரிசோதிக்கும் ஆய்வுகூடம் ஒன்றில் வேலை. மாப்பிள்ளை ஒன்றுக்கு ஒன்பது சொல்லுபவர் என்று அவர்களின் காதிலும் விழுந்திருந்தது. வாயில் உண்மை இல்லாதவனுக்குப் பெண் தரமாட்டேன், நேரில் வந்து பார்த்துத்தான் முடிவு சொல்லுவேன் என்று தகப்பனார் சொல்லிவிட்டார்.

"இதுவும் தவறினால் நீ தனிமரந்தான்" என்றார் அம்மா. "அவையள் வந்து போகும்வரைக்கும் வேல்ஸ் எண்டு வாய் திறக்கக் கூடாது. வேலையைப் பற்றிக் கதை. கனடாவைப் பற்றிக் கதை."

மாமா ஓம் என்றார். அடுத்த நாளே வேல்ஸிலிருந்து தொலைபேசி வந்தது. மீட்புப் படகின் தலைவராக இருந்து ஓய்வு பெற்றவரும் அவர் மனைவியும் ஒட்டாவாவில் இருக்கும் மகளைப் பார்க்க வருகிறார்களாம். வழியில் மாமாவோடு இரண்டு நாள் தங்க விருப்பமாம். பெண் வீட்டார் வரும் அதே ஞாயிறு அவர்களும் எங்களோடு இருப்பார்கள். அம்மா தலையில் கையை வைத்துக்கொண்டு இருந்துவிட்டார். பெரியப்பாவுக்கோ சந்தோஷம் தாங்கவில்லை. சாட்சி வீடு தேடி வருகிறது என்று சொல்லி, விருந்தைத் தன் வீட்டிலேயே வைக்கச் சொன்னார்.

கிழவர் நெடிய ஆள். கொஞ்சம் கூன். அவருடைய மனைவி குட்டையாக, கன்னம் சிவக்கச் சிரிப்பவர். பிஸ்கட் தகரத்தில் உலர்ந்த பழம் போட்ட பாண் ஒன்று செய்து கொண்டுவந்திருந்தார். அந்த ஊரில் பாதிப் பேருக்கு ஒரே குடும்பப் பெயர் என்பதால் ஆட்களைத் தொழிலைச் சொல்லித்தான் கூப்பிடுவார்களாம். கிழவரை எல்லோரும் 'படகு' என்பார்கள். மாமாவை 'சிப்ஸ்'. விமான நிலையத்தில் அவர் மாமாவைக் கட்டிப்பிடித்து சிப்ஸ், சிப்ஸ் என்று முதுகில் தட்டியபோது அம்மாவின் முகம் சுருங்கியது. தன் ஊரிலும் பட்டப்பெயர் இல்லாத ஆள் கிடையாது என்று அப்பா சமாதானம் சொன்னார். உதாரணங்கள் கேட்டேன், பிள்ளைகளுக்குச் சொல்லக்கூடியதாக அவருக்கு ஒன்றும் ஞாபகம் வரவில்லை.

சனிக்கிழமை கிழவரை இல்-பிசாரிலிருந்து லாவாலுக்குப் போகும் படகுத்துறைக்குக் கூட்டிப்போனோம். கரையோடு கரை கட்டிய கம்பியைப் பிடித்துக்கொண்டு மெல்ல நகரும் அந்த மிதவையைப் பெரியப்பா தானே கட்டியதுபோல விளக்கினார். கிழவர் கம்பியை மேலும் கீழும் பார்த்தார். மரியாதைக்குத் தலையாட்டினார். பிறகு என்னிடம் குனிந்து, இந்தத் தண்ணீர் எப்போது வெளியே போகும் என்று இரகசியமாகக் கேட்டார். போகவே போகாது என்றேன். அவர் அந்த ஆற்றை இரக்கத்தோடு பார்த்தார்.

ஞாயிறு மத்தியானம் பெண் வீட்டார் வந்தார்கள். பெண்ணும் வந்திருந்தார். நீலச் சேலை, மூக்குக் கண்ணாடி, அதிகம் பேச்சில்லை. வடையும் தேநீரும் வந்தன. தகப்பனார் மாமாவிடம் வேலையைக் கேட்டார். பண்டகசாலையில் சாமான் தூக்கும் வண்டி ஓட்டுவதாக மாமா சொன்னார். சம்பளம் பரவாயில்லையோ என்றார். பரவாயில்லை என்றார் மாமா. குளிர் எப்படி என்றார். குளிர் குளிராகத்தான் இருக்கிறது என்றார் மாமா. ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு கூடம் முழுவதையும் கட்டிப்போடுகிற எங்கள் மாமா, தண்டனை பெற்ற மாணவனைப் போலக் கையை மடியில் வைத்துக்கொண்டு இருந்தார். பெண் சுவர் மணிக்கூட்டைப் பார்த்தார்.

என்னால் அதைத் தாங்க முடியவில்லை. சாட்சி பக்கத்துக் கதிரையில் வடை தின்றுகொண்டிருக்க, வழக்கை ஏன் தோற்க வேண்டும்? நான் எழும்பி நின்று, கிழவரைப் பார்த்து, எல்லோருக்கும் கேட்கும்படி ஆங்கிலத்தில் சொன்னேன்: மடையனை மாமா கடலுக்குள்ளிருந்து இழுத்து எடுத்த கதையைச் சொல்லுங்கள்.

அம்மா தேநீர் ஊற்றிக்கொண்டிருந்த கை நின்றது. கிழவர் வடையைத் தட்டில் வைத்தார். மாமாவைப் பார்த்தார். பிறகு மெதுவாகச் சொன்னார். தங்கள் படகுக் கொட்டகையில் ஒரு வழக்கம் உண்டு. கடலிலிருந்து கொண்டுவந்தது யாரை என்று அவர்கள் வெளியே சொல்வதில்லை. கடல் எந்தக் குடும்பத்து ஆளையும் முட்டாளாக்கும், ஆகவே பெயர் சொல்வதில்லை. அவ்வளவுதான் சொல்லிவிட்டுக் கோப்பையை எடுத்துக்கொண்டார்.

பெரியப்பாவின் புருவம் நெற்றியின் உச்சிவரை போனது. அவருக்கு அது போதும். பெண்ணின் தகப்பனார் நாகரிகமானவர், பேச்சை மாற்றுவதற்காக மழையைப் பற்றி ஏதோ தொடங்கினார். அந்த இடத்தில் மாமா பேசாமல் இருந்திருந்தால் எல்லாம் அப்படியே கடந்து போயிருக்கும்.

"அந்த மடையன் நான்தான், ஐயா" என்றார் மாமா.

பிறகு அவரை யாராலும் நிறுத்த முடியவில்லை. அம்மாவின் கட்டளை பறந்துபோனது. அந்த ஊருக்குப் போன முதல் இலையுதிர் காலம். கடை பூட்டிய நாள். கடல் இறங்கிப் போயிருந்தது. தூரத்தில் வளைந்து கிடந்த ஒரு கற்சுவர் தெரிந்தது. அந்த ஊரின் பழைய மக்கள் மீனை மறித்துப் பிடிக்கக் கட்டியது. எங்கள் ஊரின் ஆழமில்லாத பரவைக் கடலில் தடி நட்டு வலை கட்டும் களங்கண்ணியைப் போலவே இருந்ததாம். மாமாவுக்குக் கால் நிற்கவில்லை. கடையிலிருந்த வாளியைத் தூக்கிக்கொண்டு, காற்சட்டையை மடித்துவிட்டு, நண்டு பிடிக்க இறங்கிவிட்டார். எங்கள் பரவையில் முழங்கால் தண்ணீரில் எவ்வளவு தூரமும் நடக்கலாம், கடல் யாரையும் ஏமாற்றாது. அந்தக் கணக்கில் குனிந்த தலை நிமிராமல் கல்லுக் கல்லாகப் புரட்டிக்கொண்டு போயிருக்கிறார். நிமிர்ந்தபோது முன்னால் கடல் அப்படியே தூரத்தில் இருந்தது. பின்னால், கரைக்கும் அவருக்கும் நடுவில், பள்ளத்தின் வழியே புகுந்த கடல் ஓர் ஆறாக ஓடிக்கொண்டிருந்தது.

பெண்ணின் தகப்பனார் கதிரையின் நுனிக்கு வந்திருந்தார்.

"தம்பி, நண்டு பட்டதோ?"

"பட்டது, ஐயா. அரை வாளி."

"வாளியை என்ன செய்தனீர்?"

மாமா தலையைக் குனிந்துகொண்டார். "விடேல்லை."

தகப்பனார் தொடையில் அடித்துச் சிரிக்கத் தொடங்கினார். பெண் அதை ஆங்கிலத்தில் கிழவருக்குச் சொன்னார். வாளி என்று கேட்டதும் கிழவர் எழும்பியே விட்டார். மடையனே ஒத்துக்கொண்ட பிறகு வழக்கம் அவரைக் கட்டவில்லை. கழுத்தளவு தண்ணீரில் நின்றவரிடம் கையைக் கொடு, கையைக் கொடு என்று கத்தியிருக்கிறார்கள். ஒரு கையைத்தான் கொடுத்தாராம், மற்றக் கையில் வாளி தலைக்கு மேலே நின்றதாம். கல்யாண மாப்பிள்ளை சட்டைக் கழுத்தில் பிடித்து இழுத்துப் போட, வாளி கவிழ்ந்து, நண்டுகளெல்லாம் மாப்பிள்ளையின் புதுச் சப்பாத்துகளின் மேல் ஓடித் திரிந்தனவாம். கிழவரின் மனைவி கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். பெரியம்மாவும் அப்பாவும் சிரித்தார்கள். மாமாவே சிரித்தார்.

"கரையில பிறந்த எவனும் உப்பிடித்தான் இறங்குவான்" என்றார் தகப்பனார். "நானெண்டாலும் இறங்கியிருப்பன்."

கிழவர் இன்னும் முடிக்கவில்லை. அதற்குப் பிறகு எந்த நாளில், எந்த நேரத்தில் பெட்டி கீச்சிட்டாலும், சிப்ஸ் அடுப்பை அணைத்துவிட்டுக் கொட்டகைக்கு ஓடி வருவான் என்றார். படகில் ஏற அவனுக்குப் பயிற்சி இல்லை, ஏற்றவும் மாட்டோம். படகு திரும்பி வரும்போது பெரிய பானையில் ஆட்டிறைச்சியும் லீக்ஸும் போட்ட எங்கள் ஊர் ரசம் கொதித்துக்கொண்டிருக்கும். அதில் மிளகாய்த் தூளை அள்ளிப் போட்டிருப்பான். முதல் குளிர்காலம் முழுவதும் நாங்கள் இருமிக்கொண்டுதான் குடித்தோம். அடுத்த குளிர்காலம் தூள் குறைந்தால் குறை சொன்னோம். கொட்டகைச் சுவரில் ஒவ்வொருவருக்கும் அங்கி கொழுவ ஒரு ஆணி உண்டு, மேலே பெயர் எழுதியிருக்கும். சிப்ஸ் என்று எழுதிய ஆணி இன்றைக்கும் இருக்கிறது, அதில் வேறு யாரும் கொழுவுவதில்லை என்றார்.

அப்போதுதான் பெண் முதல்முறையாக மாமாவிடம் நேராகப் பேசினார்.

"அது மணலோ, சேறோ?"

மாமா அவரைப் பார்த்தார். மேலே மணல், கீழே சேறு என்று தொடங்கினார். எங்கே கால் புதையும், எங்கே புதையாது, அலை விட்டுப்போன வரிகளைப் பார்த்து அதை எப்படி அறிவது என்று மாமா சொல்லச் சொல்ல, பெண் கண்ணாடியை மூக்கில் ஏற்றிவிட்டுக்கொண்டு கேட்டார். மணிக்கூட்டின் பக்கம் திரும்பவேயில்லை. அடுத்த வைகாசியில் கல்யாணம் நடந்தது. அவர்தான் எங்கள் மாமி. கல்யாணம் முடிந்து அந்த ஊருக்குப் போய், ஒரு போத்தல் மணலும் ஒரு போத்தல் சேறும் கொண்டுவந்தார்.

அன்று பெரியப்பா எல்லோருக்கும் கடைசியாகக் கிழவரின் பக்கம் சரிந்து, தணிந்த குரலில், அப்படியென்றால் கடல் மெய்யாகவே வெளியே போகிறதா என்று கேட்டார். ஒரு நாளைக்கு இரண்டு தரம் என்றார் கிழவர்.

அந்தக் கூடத்தில் சிரிக்காத ஒரே ஆள் நான். என் மீட்பர் போய்விட்டார். கயிறு பிடித்து நின்றவர் கழுத்தளவு தண்ணீரில் வாளியோடு நிற்கிறார். வகுப்பில் எந்த முகத்தோடு போய் நிற்பேன் என்று நினைக்க அழுகை வந்தது. பின்வளவுக்குப் போய் மேப்பிள் மரத்தின் கீழ் நின்றேன். பெருமைப்படுவதற்கு உரிமை கயிறு பிடித்தவனுக்கு மட்டும்தான் என்பது அப்போது என் எண்ணம். காப்பாற்றப்பட்டவனும் பெருமைப்படலாம் என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை. நாடு விட்டு வந்து, மொழி தெரியாத கரையில் உருளைக்கிழங்கு வெட்டிக்கொண்டிருந்த ஒருவனுக்காக, ஒரு மாப்பிள்ளை மணப்பெண்ணை வாசலில் நிறுத்திவிட்டுக் கடலில் இறங்கியிருக்கிறார். மாமா ஞாயிறுதோறும் பெருமையடித்தது அந்த ஊரைப் பற்றி. தன்னைப் பற்றியே அடிக்கிறார் என்று நாங்கள் எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்திருக்கிறோம். இன்றைக்கு அவரை நினைக்கும்போது எனக்கு நெஞ்சு நிமிர்கிறது. தன் வாழ்க்கையைத் தீர்மானிக்க வந்தவர்கள் முன்னால், அந்த ஊரின் கதை சரியாகச் சொல்லப்பட வேண்டும் என்பதற்காகத் தன்னை மடையன் என்று சொல்லிக்கொண்ட மனிதர் அவர்.

சாப்பாட்டுக்குக் கூப்பிட்டார்கள். முகத்தைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனேன். சம்பந்தம் பேச வந்தவர்களுக்குத்தான் முதல் தட்டு. அது எனக்கே தெரிந்த முறை. பெண்ணின் தகப்பனார் மேசையின் தலைப்பக்கத்தில் இருந்தார். அம்மா முதல் தட்டில் சோறு போட்டு, நண்டுக் கறியில் பெரிய துண்டுகளாகப் பார்த்து எடுத்து வைத்து, தகப்பனாரைத் தாண்டி நடந்துபோய், கிழவரின் முன்னால் இரண்டு கையாலும் வைத்தார். வைத்த பிறகும் தட்டிலிருந்து கையை எடுக்கவில்லை. கிழவர் அண்ணாந்து பார்த்தார். அம்மாவுக்கு ஆங்கிலம் சரளமில்லை. மாமா சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் ஓடிப்போய் அம்மாவின் சேலையைப் பிடித்து இழுத்தேன். "அம்மா, அவையளுக்கெல்லோ முதல்."

"தெரியும், பிள்ளை" என்றார் அம்மா.

பெண்ணின் தகப்பனார் கோபிக்கவில்லை. எழும்பி நின்றிருந்தார், ஏன் நிற்கிறார் என்று எனக்கு விளங்கவில்லை. அம்மாவுக்கு இன்னொரு தம்பி இருந்தது, விசாரித்து வந்த அவருக்குத் தெரிந்திருக்கும், அந்த வயதில் எனக்குத் தெரியாது. சண்டைக் காலத்தில் ஒரு மீன்பிடி வள்ளத்தில் இராமேசுவரம் பக்கம் போக வெளிக்கிட்டவர். இயந்திரம் நின்றுபோய், கரைக்குத் தெரிகிற தூரத்தில், ஒரு பகல் முழுவதும் அந்த வள்ளம் ஆடிக்கொண்டு நின்றதாம். கடலில் இறங்கக் கடற்படை தடை போட்டிருந்த நேரம். கரையில் ஊரே நின்றது, ஒரு படகும் இறங்கவில்லை. இருட்டிய பிறகு அந்த வள்ளத்தை யாரும் காணவில்லை. அன்றைக்குப் பரிமாறும் முறையை அம்மா மறந்துவிட்டார் என்றுதான் நான் நினைத்தேன்.